மதகடியில் இரண்டு வீடு

புருல்ச்சா அக்காவுக்கு நினைவிடத்தில் வழிகாட்டி வேலை. எனக்கு அங்கேயே கூட்டுகிற வேலை. அவள் பேசிக்கொண்டே முன்னால் நடப்பாள். வந்தவர்கள் துப்புகிற சூரியகாந்தி விதைத் தோலையும் சிகரெட் துண்டையும் அள்ளிக்கொண்டே நான் பின்னால் நடப்பேன். அவள் சொல்கிற கதையை அவளுக்கு அடுத்தபடி அதிகமாகக் கேட்டவள் இந்த பிஷ்கெக் நகரத்திலேயே நான்தான். எந்த இடத்தில் மூச்சு விடுவாள், எந்த இடத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பாள் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி.

பெரிய வாசலில் ஆரம்பித்து, நெட்டை மரங்களின் நடுவே போய், பெயர் வெட்டிய கருங்கல் சுவர் முன்னால் நிற்பார்கள். அப்புறம் அணையா விளக்கு. பெயர்தான் அணையா விளக்கு, பாதி நாள் அணைந்துதான் கிடக்கும். அதற்கப்புறம் பழைய சரளைக்குழி. முப்பத்தெட்டாம் வருஷம் ரகசியப் போலீஸ் மனிதர்களை லாரியில் கொண்டுவந்து சுட்டுப் போட்ட குழி அது. வாத்தியார், மந்திரி, ஆடு மேய்த்தவன், முல்லா என்று ஒருத்தர் பாக்கியில்லை. குழியைச் சுற்றிவிட்டு, பின்பக்கமாக எங்கள் சந்து வழியே இறங்கி, வாய்க்கால் கரையோடு பேருந்து நிற்கிற இடத்துக்கு வந்துவிடலாம்.

குழி ஓரத்தில் நின்றதும் அவள் ஒன்று சொல்வாள். ஒரு நாளும் சொல்லாமல் விட்டதில்லை. "சுட்டவன் கொஞ்சப் பேரு. தெரிஞ்சும் வாயை மூடிக்கிட்டவங்க ஊர் முழுக்க. என் கணக்குல ரெண்டு பேரும் ஒண்ணுதான்." சொல்லிவிட்டு ஒவ்வொருத்தர் முகத்தையும் பார்ப்பாள், ஏதோ அவர்கள்தான் துப்பாக்கி பிடித்த மாதிரி. சிலர் தொப்பியைக் கழற்றுவார்கள். சிலர் நைசாக நழுவிப் போய்விடுவார்கள்.

"ஏன்க்கா, வர்றவங்கள ஏன் இப்படிக் கரிச்சுக் கொட்டுற? பாவம், லீவுல காத்து வாங்க வந்திருக்காங்க" என்பேன்.

"காத்து வாங்கணும்னா மலைக்குப் போகட்டும்" என்பாள்.

அவளுக்கு அந்தக் கோபம் வந்த வழி இதுதான். சுட்டுப் போட்டவர்களில் அவள் தாத்தா சத்திபால்டியும் ஒருவர். பள்ளிக்கூட வாத்தியார். அவரைப் பிடித்துப்போனபோது இவளுடைய அம்மா கைக்குழந்தை. அந்தம்மாவுக்கு அப்பாவைப் பற்றித் தெரிந்ததெல்லாம், முன்பல் இரண்டும் வெள்ளி கட்டியவை என்று பெரியவர்கள் சொன்னது மட்டும்தான். மாஸ்கோ ஆண்ட பெரிய நாடு உடைந்தபின் சரளைக்குழியைத் தோண்டினார்கள். எலும்பு எடுத்தார்கள், சுவர் கட்டினார்கள், பெயரும் வெட்டினார்கள். சத்திபால்டி பெயரும் அதில் உண்டு, ஆனால் வெள்ளிப் பல் வைத்த மண்டை ஒன்றும் கிடைக்கவில்லை. குழியில் கிடைத்தவர்களைவிடக் காணாமல் போனவர்கள் அதிகம், மற்றவர்களை எங்கே போட்டார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. அந்தம்மா சாகும்போது மகள் கையைப் பிடித்துக்கொண்டு, "அவரை ஒரு இடத்துல படுக்க வையி" என்று மட்டும் சொன்னாராம். புருல்ச்சா அக்கா பள்ளிக்கூடத்தில் வேதியியல் சொல்லிக்கொடுத்த நல்ல வேலையை விட்டுவிட்டு இங்கே வந்தது அதற்காகத்தான்.

வியாழக்கிழமை தோறும் முற்றத்தில் அடுப்பு மூட்டி ஏழு ரொட்டி பொரிப்பாள். எண்ணெய் வாசம் செத்தவர்களுக்குப் போய்ச் சேரும் என்று எல்லா வீட்டிலும் செய்வதுதான். ஆனால் எங்களுக்கெல்லாம் வாசம் எங்கே போகவேண்டும் என்று தெரியும், அவளுக்குத் தெரியாது. அது நேராகச் சுவர் தாண்டி என் சமையலறைக்குத்தான் வரும். "அக்காவோட தாத்தா நம்ம வீட்டுலதான் சாப்பிடுறார் போல" என்று என் வீட்டுக்காரர் ஷார்ஷென் கேலி பண்ணுவார். நானும் சிரித்திருக்கிறேன்.

அவள் வீடும் என் வீடும் ஒட்டி ஒட்டி, நடுவே ஒரே மண்சுவர். ஆட்சி கவிழ்ந்து கலவரம் நடந்த வருஷம் நினைவிடத்துக்குக் கீழே இருந்த மேட்டு நிலத்தை ஆளுக்கொரு துண்டாகக் கயிறு கட்டிப் பிடித்தோம். ஊரே பிடித்தது, நாங்களும் பிடித்தோம். ஷார்ஷென் அலையாத அலுவலகம் இல்லை, எங்களுக்கு முழுப் பத்திரம் வாங்கிவிட்டார். புருல்ச்சா அக்கா தனி ஆள், அவளுக்குப் பாதிப் பத்திரம்தான், அரசாங்கம் நினைத்தால் எப்போதும் காலி பண்ணச் சொல்லலாம். அவள் மகன் கைரத் வருஷக்கணக்கில் மாஸ்கோவில் கட்டடத்துக்குப் பெயின்ட் அடித்து இந்த வீட்டைக் கூரை வரை கொண்டுவந்துவிட்டு ஊரோடு திரும்பிவிட்டான்.

அந்த மண்ணைப் பற்றிச் சொல்ல வேண்டும். மேடு முழுக்கக் கல், கடப்பாரை போட்டால் தீப்பொறி பறக்கும். எங்கள் இரண்டு வீட்டு இடம் மட்டும் வெண்ணெய். மண்வெட்டி தானாக இறங்கும். அவள் முற்றத்தில் உருளைக்கிழங்கு ஒவ்வொன்றும் இரண்டு கைப்பிடி அளவு. ஒவ்வொரு வசந்தத்திலும் பனி உருகியதும் சுவரோரம் தரை உள்வாங்கும். ஷார்ஷென் சரளை கொட்டி நிரப்புவார், அடுத்த வருஷம் மறுபடி உள்வாங்கும். நாங்கள் வாய்க்கால் தண்ணீரைத் திட்டினோம். நல்ல மண் கிடைத்ததே என்று சந்தோஷப்பட்டோம்.

கைரத்தின் மனைவியாக பெர்மெத் அந்த வீட்டுக்கு வந்தபின் இரண்டு முறை கர்ப்பம் தங்கவில்லை. மூன்றாவது தடவை அஞ்சு மாதம் தாண்டியிருந்தது. சங்கதி நடந்தது அப்போதுதான்.

அக்டோபரில் ஒரு நாள். ஓய்வூதியக்காரர்கள் ஒரு பேருந்து நிறைய வந்தார்கள். அக்கா வழக்கம்போல் எல்லாம் சொல்லி, குழியோரத்தில் அந்த இரண்டு வரியையும் சொல்லி, சந்து வழியே இறக்கிக்கொண்டு வந்தாள். கூட்டத்தில் அசனாலி என்று ஒரு கிழவர், வெள்ளைக் கம்பளித் தொப்பி, கைத்தடி. வாய்க்கால் மதகுக்கு எதிரே, எங்கள் இரண்டு வாசலுக்கும் முன்னால் வந்ததும், பக்கத்திலிருந்தவரோடு மூட்டுவலி பற்றிப் பேசிக்கொண்டே கிழவர் தடியைக் கக்கத்தில் இடுக்கினார். இரண்டு உள்ளங்கையையும் ஏந்தி முகத்தை மேலிருந்து கீழாகத் தடவி, "ஓமின்" என்றார். தடியை எடுத்துக்கொண்டு மூட்டுவலியை விட்ட இடத்தில் தொடர்ந்தார்.

கல்லறையைக் கடக்கும்போது எங்கள் ஆட்கள் எல்லாரும் செய்வதுதான் இது. பேருந்தில் தூங்குகிறவன்கூடக் கண்ணைத் திறக்காமலே செய்வான். ஆனால் அங்கே கல்லறை ஏது? இருந்தது எங்கள் வாசல், கொடியில் பெர்மெத் காயப்போட்ட போர்வை, என் நாய். அவ்வளவுதான்.

புருல்ச்சா அக்கா நின்றுவிட்டாள். "அக்சகால், பெரியவரே, ஒரு நிமிஷம். இங்க யாருக்குக் கையேந்துனீங்க?"

"நானா? நான் எங்கம்மா ஏந்துனேன்?"

"இப்ப ஏந்துனீங்க. நான் பாத்தேன்."

"கை அரிச்சிருக்கும் தாயி, வயசாகுதுல்ல" என்று சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை. கிழவர் மதகைப் பார்த்தார், பக்கத்திலிருந்த, கிளை ஒடிந்த எல்ம் மரத்தைப் பார்த்தார். அவர் முகம் மாறியதை நான் கண்ணால் பார்த்தேன். இரும்பு மதகு மாறவில்லை, மரமும் அதே மரம். வீடுகள் மட்டும்தான் புதிது.

"அப்பா லாரி ஓட்டுவாரு" என்றார் மெதுவாக. "சின்ன வயசுல என்னைப் பக்கத்துல ஒக்கார வெச்சுக்கிட்டுப் போவாரு. சாமி இல்ல பூதம் இல்லன்னு பேசுற ஆளு. முல்லாவைக் கண்டா கிண்டல். கல்லறையில கையேந்துனா என்னையே அடிப்பாரு. இந்த மதகுக்கிட்ட வந்தா மட்டும் வண்டிய மெதுவாக்கி முகத்தத் தடவுவாரு. ஏன்ப்பான்னு கேட்டா, ஈ ஓட்டுனேன்டான்னுவாரு. பாத்துப் பாத்து எனக்கும் ஒட்டிக்கிச்சு."

"எந்த ஆபீசுக்கு ஓட்டுனாரு?" அக்கா கேட்டாள்.

கிழவர் தடியை ஊன்றிக்கொண்டார். "எனக்கு ஒண்ணும் தெரியாது தாயி. சத்தியமா எனக்கு இப்பத்தான்..." என்று ஆரம்பித்து, பேச்சை முடிக்காமலே பேருந்தைப் பார்த்து நடந்தார். அந்த வயதில் அவ்வளவு வேகமாக நடப்பார் என்று நான் நினைக்கவில்லை.

அக்கா முகத்தில் ரத்தம் இல்லை. அவள் போர்வைக்குப் பின்னால் பார்த்துக்கொண்டிருந்தாள். பெர்மெத் வயிற்றைத் தள்ளிக்கொண்டு உருளைக்கிழங்கு தோண்டிக்கொண்டிருந்தாள். பிள்ளைத்தாய்ச்சி கல்லறைப் பக்கமே போகக் கூடாது என்பது எங்கள் ஊர் வழக்கம். வழியில் வந்தால்கூடச் சுற்றிப் போவாள்.

அன்றைக்கே அவளை என் சமையலறையில் உட்காரவைத்து டீ ஊற்றிக் கொடுத்தேன்.

"அக்கா, கிழவனுக்குப் புத்தி பேதலிச்சிருக்கு. நீ வாயத் தொறக்காத" என்றேன்.

"எல்லாம் பொருந்துது துர்சுனாய். மண்ணு எளக்கமா இருக்கு. தரை உள்வாங்குது."

"பொருந்தினா? வெளிய சொன்னா ஆபீசுல இருந்து வருவான், வேலி போடுவான், ஒனக்குப் பாதிப் பத்திரம்தான். ஒரு வாரத்துல தெருவுல நிப்ப. கைரத் உயிரக் குடுத்துக் கட்டுன வீடு. அந்தப் புள்ள வயித்துல ஒண்ணு வெச்சிருக்கு, குளிருக்குள்ள எங்க போவா?"

"இங்கயே இருந்தா மட்டும்?" என்று அவள் கேட்டாள். நான் இன்னொரு கிண்ணம் டீ ஊற்றினேன். எனக்கு என் வீட்டைப் பற்றிய பயம்தான், அதை அவள் பெயரில் சொல்லிக்கொண்டிருந்தேன்.

கைரத்திடம் சொன்னாள். அவன் கத்தியது சுவர் தாண்டிக் கேட்டது. "செத்துப் போன கெழவனுக்காக என்னையும் என் புள்ளையையும் தெருவுக்கு அனுப்புவீங்களா? வாயத் தொறந்தீங்கன்னா எனக்கு அம்மா இல்ல. பெர்மெத்கிட்டயும் சொல்லாதீங்க, பயத்துலயே கரு கலைஞ்சு போயிடும்."

மறுநாளிலிருந்து அக்கா வழியை மாற்றினாள். கூட்டத்தைச் சந்து வழியே இறக்காமல், போன வழியே திருப்பிக் கூட்டிவந்தாள். வீட்டில் உருளைக்கிழங்கைத் தொடவில்லை. பெர்மெத்தை முற்றத்தில் கால் வைக்க விடவில்லை, தண்ணீர், விறகு எல்லாம் தானே சுமந்தாள். பெர்மெத் என்னிடம் வந்து அழுதாள். "சித்தி, அத்தைக்கு என்மேல என்ன கோவம்? நான் போற எடத்துல எல்லாம் பின்னாலயே வந்து தரையப் பாக்குறாங்க." கோபம் இல்லடி, உனக்கு நல்லதுக்குத்தான் என்று ஏதோ சொல்லி அனுப்பினேன். அவள் போனபின் என் சமையலறைத் தரையில் நானும் கொஞ்ச நேரம் காதை வைத்துப் பார்த்தேன். என்ன கேட்கும் என்று நினைத்தேனோ தெரியவில்லை. எழுந்து என்னையே திட்டிக்கொண்டேன்.

இப்படியே போயிருந்தால் எல்லாரும் பிழைத்திருப்போம் என்று ஷார்ஷென் இன்றைக்கும் சொல்கிறார்.

நவம்பரில் ஒரு கல்லூரிக் கூட்டம் வந்தது. மேகம் மலையிலிருந்து இறங்கி மரத்தின் உச்சி வரை நின்றது. அக்கா குழியோரத்தில் வந்து நின்றாள். "சுட்டவன் கொஞ்சப் பேரு" என்றாள். அடுத்த வரி வரவில்லை. பிள்ளைகள் காத்திருந்தார்கள். மறந்துவிட்டது போலும் என்று ஒரு பெண் சிரிப்பை அடக்கினாள். நான் துடைப்பத்தைப் பிடித்துக்கொண்டு மனதுக்குள் கெஞ்சினேன். வேறு ஏதாவது சொல்லு அக்கா, மழை வருது கிளம்புங்கன்னு சொல்லு.

அவள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள், மாட்டிக்கொண்டாள். "என் பின்னால வாங்க" என்று சந்துப் பக்கம் இறங்கினாள்.

நான் ஓடிப்போய்க் கையைப் பிடித்தேன். உதறிவிட்டாள். தன் வாசலுக்கு முன்னால் கூட்டத்தை நிறுத்தினாள். பெர்மெத் கொடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள். வந்தவர்களைப் பார்த்துத் தலைக்குட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு சிரித்தாள்.

"மீதிப் பேரு இங்க இருக்காங்க" என்றாள் புருல்ச்சா அக்கா. குழியோரத்தில் பேசுகிற அதே குரல். "இது என் வீடு. அது என் மருமக. ஒரு மாசமா எனக்குத் தெரியும், நான் சொல்லல."

பெர்மெத் கையிலிருந்த துணி கீழே விழுந்தது. அவள் குனிந்து எடுக்கவில்லை. நின்ற இடத்தைப் பார்த்தாள். ஒரு காலைத் தூக்கினாள், எங்கே வைப்பது என்று தெரியாமல் அப்படியே நின்றாள். அக்கா ஓடிப்போய்த் தன் மேல்கோட்டைக் கழற்றித் தரையில் விரித்து, அதன்மேல் நடத்தி வாசலுக்கு வெளியே கொண்டுவந்தாள். பிள்ளைகளில் ஒருத்தன் போனை எடுத்துப் படம் பிடித்தான். ஊர் முழுக்க அன்றைக்கே பரவிவிட்டது.

எலும்பு தோண்டி எடுக்கிற குழு வந்தது, வேலி வந்தது. கைரத் மனைவியைக் கூட்டிக்கொண்டு நகரத்தின் மறுகோடியில் ஒற்றை அறைக்குப் போனான். அம்மாவைத் திரும்பிப் பார்க்கவில்லை. கூரையைப் பிரித்தார்கள், முன்னறையை இடித்தார்கள், தோண்டினார்கள். அக்கா அந்த ஓரத்திலேயே நின்றாள், சாப்பிடக்கூடப் போகவில்லை. நான் ரொட்டி கொண்டுபோய்க் கொடுத்தால் கையில் வைத்துக்கொண்டே நிற்பாள்.

எலும்பு இருந்தது. கிழவர் சொன்னது பொய்யில்லை. எங்கள் சுவரை ஒட்டியே நீளமான பள்ளம், அதற்குள் குறுக்காக, வரிசையாக ஆட்கள். ஆனால் அவள் பக்கத்தில் வந்தது கால்கள் மட்டும்தான். பூட்ஸ், கம்பளிச் செருப்பு, வெறுங்கால், முழங்கால். இடுப்புக்கு மேல் எல்லாம் சுவருக்கடியில் நுழைந்து எங்கள் பக்கம் போயிருந்தது. காலைப் பார்த்து எந்தத் தாத்தா என்று யார் சொல்ல முடியும்? வெள்ளிப் பல்லுக்குத் தலை வேண்டும். தலைகள் எல்லாம் என் சமையலறைக்குக் கீழே.

ஷார்ஷென் சுவர்மேல் ஏறி நின்றார், கையில் பத்திரம். "இது என் மண்ணு. முழுப் பத்திரம் இருக்கு. ஒரு மண்வெட்டி இந்தப் பக்கம் வந்தா, கோர்ட்டுல பாத்துக்கலாம்." குழுவிலிருந்தவர்கள் தங்களுக்குள் பேசினார்கள். சட்டப்படி வீட்டுக்காரர் சம்மதம் வேண்டும் என்றார்கள். அதற்குள் பனி விழுந்துவிட்டது, தரை இறுகிவிட்டது. பள்ளத்தைத் தகரத்தால் மூடிவிட்டுப் போய்விட்டார்கள்.

அக்கா என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் சண்டை போட்டிருப்பேன், எனக்கும் மனது ஆறியிருக்கும். நினைவிடத்தில் கருவிகள் வைக்கிற கொட்டகையில் ஒரு கட்டில் போட்டுக்கொண்டு அங்கேயே தங்கினாள். கூட்டம் வந்தால் வழக்கம்போல் நடத்திக் கூட்டிவந்து தகரத்துக்குப் பக்கத்தில் நிறுத்துவாள். "இங்க இடுப்பு வரைக்கும் இருக்காங்க" என்பாள். அதோடு சரி. எங்கள் வீட்டைக் கை காட்ட மாட்டாள், பெயர் சொல்ல மாட்டாள். வந்தவர்கள் தகரத்தைப் பார்ப்பார்கள், சுவரைப் பார்ப்பார்கள், அப்புறம் தலை நிமிர்ந்து என் சமையலறை ஜன்னலைப் பார்ப்பார்கள். உள்ளே நான் மாவு பிசைந்துகொண்டிருப்பேன். திரை போட்டேன். திரைக்குப் பின்னால் நிற்கிறவளையும் பார்ப்பதுபோல்தான் இருந்தது. நான் என்ன கொலையா செய்தேன் என்று கத்தவேண்டும் போலிருக்கும்.

நான் மாறவில்லை. வீடு என்னுடையது, செத்தவர்களுக்கு அவசரமில்லை, வசந்தத்தில் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்தேன். வசந்தம் வந்தபோது ஷார்ஷென் சுவரோரம் கொட்டச் சரளைக்குச் சொல்லிவிட்டு வந்தார், நானும் சரி என்றேன்.

ஏப்ரலில் ஒரு காலையில் படலைத் தட்டுகிற சத்தம். போய்ப் பார்த்தால் பெர்மெத், கையில் துணி சுற்றிய குழந்தை. பிறந்து நாற்பது நாள் கழிந்து, அத்தைக்குக் காட்டவேண்டும் என்று கைரத்துக்குத் தெரியாமல் கொண்டுவந்திருக்கிறாள். பையன். கன்னம் இரண்டும் ஆப்பிள் மாதிரி. எனக்குக் கண் நிறைந்துவிட்டது. எத்தனை நாள் அவளுக்காக வேண்டியிருப்பேன்!

"உள்ள வாடி, உள்ள வா! வாசல்ல நிக்கலாமா, காத்து அடிக்குது."

"இல்ல சித்தி. இங்கயே நிக்கிறேன்."

"ஏன்டி, அந்நியமா நீ?"

"கோவிச்சுக்காதீங்க சித்தி. கையில குழந்தை இருக்கு." மரியாதையாகத்தான் சொன்னாள், தலையைக் குனிந்துகொண்டு.

சரி, அவளுக்குப் பயம் என்று விட்டுவிட்டேன். உள்ளே ஓடிப்போய் அப்போதுதான் சுட்ட ரொட்டியைத் துணியில் வைத்து எடுத்து வந்தேன். எங்கள் ஊரில் வாசல் வரை வந்தவர்கள் ஒரு துணுக்காவது கிள்ளி வாயில் போடாமல் போகமாட்டார்கள். பரம்பரைப் பகையாளி வந்தாலும் அதைச் செய்துவிட்டுத்தான் சண்டையை ஆரம்பிப்பான். பெர்மெத் ரொட்டியைப் பார்த்தாள். எனக்குப் பின்னால் திறந்திருந்த சமையலறைக் கதவைப் பார்த்தாள். கை நீளவில்லை.

"வேண்டாம் சித்தி" என்றாள். அவள் கண்ணில் தண்ணீர். "என்னால முடியல. மன்னிச்சுருங்க." குழந்தையின் முகத்தைத் துணியால் மூடிக்கொண்டு, வாய்க்காலின் அக்கரை வழியாகச் சுற்றிக்கொண்டு கொட்டகைப் பக்கம் போனாள்.

நான் ரொட்டியோடு படலிலேயே நின்றேன். அவமானம் தாங்கவில்லை. அவள்மேல் கோபப்பட்டுப் பார்த்தேன், வரவில்லை. அந்தப் பெண்ணுக்கு நான் வேண்டும், என் வீடுதான் வேண்டாம். வெளியூரில் கட்டிக்கொடுத்த என் மகளும் நாளைக்கு ஒரு குழந்தையோடு வந்து இதே இடத்தில்தான் நிற்பாள்.

ஷார்ஷென் கையில் டீக் கிண்ணத்தோடு வெளியே வந்தார். "யாரு வந்தது? ஏன் அப்படியே நிக்குற? சரளை வண்டி வந்துடுச்சா?"

"வண்டியத் திருப்பி அனுப்பு" என்றேன். "உன் கடப்பாரை எங்க இருக்கு?"